பாதிக் கிணற்றுச் சௌந்தரம்

கடலூர்ச் செம்மண்டலத்தில் சௌந்தரத்தை நம்பாத வீடு கிடையாது. சௌந்தரம் நம்பிய வீடும் கிடையாது. மூன்று எருமைகளை வைத்துக்கொண்டு முப்பது வீட்டுக்குப் பால் ஊற்றியவள் அவள். தவிட்டு மூட்டை வந்து இறங்கினால் வாய்ப்பக்கம் பிரித்துப் பார்க்க மாட்டாள். அடிப்பக்கத் தையலை உருவிக் கையை உள்ளே விடுவாள். புண்ணாக்கை முகர்ந்து, நாக்கில் வைத்து, எருமை ஒரு துண்டைத் தின்று முடித்த பிறகுதான் கடை ஆளைப் போகவிடுவாள்.

பிறந்தது காடாம்புலியூரில். பெண் பார்க்க வந்த அன்று மாப்பிள்ளை வந்ததிலிருந்து உட்கார்ந்த இடத்தை விட்டு அசையவில்லை. காலில் ஏதாவது கோளாறோ என்று இவளுக்குச் சந்தேகம். தண்ணீர்ச் சொம்பைக் கைக்கு எட்டாமல் நாலு முழம் தள்ளி வைத்துவிட்டு உள்ளே போய்க் கதவிடுக்கில் நின்றாள். அவர் எழுந்து நடந்து போய் எடுத்துக் குடித்தார். அதன் பிறகுதான் சம்மதம் சொன்னாள். அந்த மாப்பிள்ளைதான் கலியமூர்த்தி. மாட்டு வண்டி ஓட்டுகிறவர். "காலு நல்லா இருக்குதான்னு பாத்தவ, நான் காலம் பூரா வாயத் தொறக்க முடியாதுன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா அன்னிக்கே ஓடியிருப்பேன்" என்று அவர் வண்டிப்பேட்டையில் சொல்லிச் சிரிப்பார்.

அவர்கள் இருந்த தெருவில் எல்லாக் கிணறும் உப்பு. வாயில் வைத்தால் குமட்டும். ஒரு கிணறு மட்டும் நல்ல தண்ணீர். அந்தக் கிணறு சௌந்தரத்தின் வீட்டுக்கும் சைதுன் பீவியின் வீட்டுக்கும் நடுவில் இருந்தது. பாதி இவர்களுடையது, பாதி அவர்களுடையது. பீவி கோஷாப் பெண். அவள் புருஷன் நைனா முகம்மது பினாங்கில் கடை வைத்திருந்தார். நாலைந்து வருஷத்துக்கு ஒரு தடவை வருவார். அந்நிய ஆண் கண்ணில் படாமல் பீவி தண்ணீர் இறைக்க வேண்டும் என்பதற்காக அந்தக் காலத்திலேயே கிணற்றின் வாய்க்குக் குறுக்கே ஆள் உயரச் சுவர் எழுப்பியிருந்தார்கள். சுவருக்கு இந்தப் பக்கம் ஒரு ராட்டினம், அந்தப் பக்கம் ஒரு ராட்டினம். நிமிர்ந்தால் சுவர். குனிந்தால் தண்ணீரில் இரண்டு பேர் முகமும் தெரியும். சுவரில் ஒரு செங்கல் பெயர்ந்த பொந்து உண்டு. உப்பு, வெற்றிலை, கருவேப்பிலை எல்லாம் அதன் வழியாகத்தான் போகும் வரும். பினாங்கிலிருந்து பீவிக்கு வருஷத்துக்கு ஒரு பார்சல் வரும். அதில் சௌந்தரத்துக்கு ஒரு பங்கும் அந்தப் பொந்து வழியாகத் தவறாமல் வரும்.

இருபது வருஷம் இப்படிப் போயிற்று. அறுபத்து நான்காம் வருஷம் ஆவணியில், கிணற்றுக்குப் பின்னால் இருந்த புளியந்தோப்பைச் சிதம்பரத்துக்காரர் ஒருவர் வாங்கினார். பேர் கொளஞ்சியப்பன். ஒரே வாரத்தில் மரங்களை வெட்டிவிட்டு அஸ்திவாரம் தோண்ட ஆள் இறக்கினார். என்ன கட்டுகிறார் என்று கேட்டால், வீடு என்றார்கள்.

சௌந்தரம் போய் நின்று பார்த்தாள். தோண்டியிருந்த பள்ளத்தைக் காலால் எட்டு வைத்து அளந்தாள். பிறகு மேஸ்திரியிடம் கேட்டாள்:

"ஏன்யா, வீட்டுக்கு எதுக்கு இம்மாம் பெரிய தொட்டி? யானை கீனை வளக்கப் போறாரா?"

"மொதலாளி சிதம்பரத்துல வச்சிருக்கறதுக்கு இது ஜாஸ்தி இல்லம்மா. பாதிதான்" என்று மேஸ்திரி வாயைவிட்டார்.

அவ்வளவு போதும் அவளுக்கு. மறுநாள் காலைப் பால் ஊற்றி முடித்ததும், சிதம்பரத்துக்குச் சாமி பார்க்கப் போகிறேன் என்று புருஷனிடம் சொல்லிவிட்டுத் தூக்குப் பாத்திரத்தோடு பஸ் ஏறினாள்.

சாமியை அவள் பார்த்தாள், இல்லை என்று சொல்லக் கூடாது. கோபுரத்தைத் தூரத்தில் இருந்தே பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டாள். அப்புறம் கொளஞ்சியப்பன் பேரைச் சொல்லி வழி கேட்டுக்கொண்டே ஊர்க்கோடி வாய்க்கால் கரைக்குப் போய்ச் சேர்ந்தாள். அங்கே வீடு இல்லை. பெரிய அரிசி மில் இருந்தது. களத்தில் அவித்த நெல்லைக் காலால் தள்ளிக் காயவைத்துக்கொண்டிருந்த பட்டம்மாள் என்ற பெண்ணிடம், நிழலில் உட்காருகிற சாக்கில் பேச்சுக் கொடுத்தாள்.

"என்னாம்மா இது, இப்பிடி நாறுது?"

"ஊறல் தண்ணி. நெல்லு மூணு நாளு தொட்டியில ஊறும். அந்தத் தண்ணிய அந்தா அந்தக் குழியில வுட்டுருவாங்க. எங்களுக்குப் பழகிப்போச்சு. ஊட்டுக்குப் போனா எம் புருசந்தான் தள்ளிப் படுக்கிறாரு."

"பக்கத்து ஊட்டுல கெணறு இருக்குதா?"

"இருக்குது, இருக்குது. மொதல்ல நல்லாத்தான் இருந்துச்சாம். இப்ப மாடுகூட மோந்து பாத்துட்டுப் போயிடும்."

சௌந்தரம் அந்தப் பக்கத்து வீட்டுக்குப் போனாள். தாகம் என்றாள். அந்த வீட்டுக்காரி வேறிடத்திலிருந்து கொண்டுவந்து வைத்த தண்ணீரைக் கொடுத்தாள். அது வேண்டாம், உங்கள் கிணற்றுத் தண்ணீரே போதும் என்று பிடிவாதம் பிடித்து, தூக்கு நிறைய இறைத்து வாங்கிக்கொண்டாள். மூடியை அழுத்தி மூடி, மேலே துணி கட்டி, மடியில் வைத்துக்கொண்டு கடலூர் பஸ்ஸில் உட்கார்ந்தாள். ஆலப்பாக்கம் வருவதற்குள் பக்கத்தில் இருந்தவர்கள் ஒவ்வொருவராக எழுந்து நின்றுவிட்டார்கள். கண்டக்டர் வந்து, "ஏம்மா, பாலு கெட்டுப்போச்சுன்னா கீழ ஊத்தேன்" என்றார். "இது பாலு இல்ல, சாட்சி" என்றாள்.

அந்தச் சாட்சியை நேரே மஞ்சக்குப்பத்தில் வக்கீல் அந்தோணிசாமியின் மேஜை மேல் கொண்டுபோய் வைத்து மூடியைத் திறந்தாள். வக்கீல் நாற்காலியைப் பின்னால் தள்ளினார்.

"மூடும்மா, மூடு! என்னா இது?"

"நாளைக்கி எங்க கெணத்துல வரப்போற தண்ணி."

வக்கீல் நல்லவர்தான். ஆனால் சௌந்தரம் அவரையும் உடனே நம்பிவிடவில்லை. எதிர்க்கட்சிக்காரர் சிதம்பரத்துப் பணக்காரர் என்று சொன்னபோது வக்கீலின் கை எழுதுவதை நிறுத்துகிறதா என்று பார்த்தாள். நிறுத்தவில்லை. அதற்குப் பிறகுதான் மீதியைச் சொன்னாள். எல்லாம் கேட்டுவிட்டு வக்கீல் சொன்னார்:

"தடை உத்தரவு கேக்கலாம். கெணறு கெட்டுப்போனா அப்புறம் நஷ்டஈடு வாங்கி என்னா பண்றது, அதனால வேலைய இப்பவே நிறுத்துங்கன்னு கேப்போம். ஆனா கெணத்துல பாதி அந்தம்மாவுது. நீங்க ரெண்டு பேரும் சேந்துதான் பிராது போடணும். அவுங்க ஒத்துக்குவாங்களா?"

பீவி ஒத்துக்கொண்டாள். வக்கீலின் குமாஸ்தா காகிதத்தோடு அவள் வீட்டுக்கு வந்தார். நடைக்கும் கூடத்துக்கும் நடுவில் திரை தொங்கியது. குமாஸ்தா நடையில் உட்கார்ந்து, எழுதியிருந்ததை உரக்கப் படித்தார். திரைக்கடியில் மைப்பெட்டியையும் காகிதத்தையும் தள்ளினார். உள்ளேயிருந்து கை மட்டும் வெளியே வந்து கைநாட்டு வைத்துவிட்டுப் போயிற்று. அந்த வீட்டில் தபால் என்றாலும் பார்சல் என்றாலும் எப்போதும் இப்படித்தான். அன்றைக்குச் சௌந்தரம் திரைக்கு உள்பக்கம் பீவியோடு உட்கார்ந்து, குமாஸ்தா படித்ததைவிட ஒரு வரிகூடக் கூடுதலாக அந்தக் காகிதத்தில் இல்லை என்று அவரைச் சத்தியம் செய்யச் சொல்லிக் கேட்டாள்.

முன்சீப் கோர்ட்டில் இடைக்காலத் தடை கிடைத்தது. ஐப்பசியில் ஒரு நாள் கோர்ட்டு அமீன் வந்து, உத்தரவைக் கட்டுமான இடத்தில் நட்டிருந்த கழியில் ஒட்டி, எல்லார் முன்பாகவும் படித்தார். ஆட்கள் மண்வெட்டியைப் போட்டுவிட்டுப் பீடி பற்றவைத்தார்கள். தெருவே சந்தோஷப்பட்டது. சௌந்தரம் மட்டும், பசை சரியாகப் பிடித்திருக்கிறதா என்று காகிதத்தின் நாலு மூலையையும் அழுத்திப் பார்த்தாள். தினமும் பால் ஊற்றப் போகிற வழியில் அது கிழியாமல் இருக்கிறதா என்று போய்ப் பார்த்துவிட்டுத்தான் போவாள்.

அடுத்த வாரம் கொளஞ்சியப்பன் காரில் வந்து இறங்கினார். வெள்ளைச் சட்டை, வாய் நிறைய வெற்றிலை. நேரே கலியமூர்த்தியிடம் வந்தார்.

"என்னா மச்சான், சௌக்கியமா? ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நானே வந்திருப்பேனே. கோர்ட்டு கேஸுன்னு போவலாமா?"

கலியமூர்த்தி வாயைத் திறப்பதற்குள் சௌந்தரம் வெளியே வந்தாள்.

"யாருக்கு யாருய்யா மச்சான்? எந்த ஊட்டுல பொண்ணு எடுத்த?"

அவர் சிரித்தார். "கோவப்படாதம்மா. மில்லு வந்தா தெருவுக்கே வேலை கெடைக்கும். பால்ல ஊத்தறதுக்குத் தண்ணி போயிடுமேன்னு உனக்குக் கவலை. நான் குழாய் போட்டுத் தரேன்."

"எம் பால்ல தண்ணி இருந்தா குடிக்கிறவங்க கேக்கட்டும். உன் தண்ணியில நாத்தம் இருந்தா நான் கேப்பேன். காரைத் திருப்பு, எரும மெரளுது."

கார் திரும்பியது. ஆனால் தெருவை விட்டு உடனே போகவில்லை. பீவியின் வீட்டு வாசலில் ஒரு நொடி நின்றுவிட்டுப் போயிற்று. அது நின்றதைச் சௌந்தரம் பார்த்தாள்.

அதிலிருந்து அவளுக்கு மனசு சரியில்லை. பீவியின் மகள் அமீருன்னிசாவைச் சிதம்பரத்தில் கொடுத்திருந்தது. மருமகன் அப்துல் வதூது அங்கே சாக்கு வியாபாரம் செய்தான். மாதம் ஒரு தடவை மாமியார் வீட்டுக்கு வருகிறவன், இப்போது வாரம் ஒரு தடவை வந்தான். சாக்கு யாருக்கு வேண்டும்? மில்லுக்காரனுக்கு வேண்டும். சிதம்பரத்து மில்லுக்காரன் யார்? எருமைக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டே சௌந்தரம் இதைக் கோத்துப் பார்த்தாள். அமீருன்னிசாவுக்கு மசக்கை, அதனால் தாய்வீட்டில் விட்டுவிட்டுப் பார்க்க வருகிறான் என்று பீவி சொன்னாள். அதுவும் உண்மைதான். உண்மையாக இருக்கிறது என்பதாலேயே சௌந்தரத்துக்கு அது போதவில்லை.

தை மாசத்து வாய்தா, இந்தி எதிர்ப்புக் கலகத்தில் பஸ் ஓடாமல் தள்ளிப்போயிற்று. மாசியில் கூப்பிட்டார்கள். கோர்ட்டில் எதிர்க்கட்சி வக்கீல் எழுந்து ஒரு காகிதத்தை நீட்டினார். இரண்டாம் வாதி சைதுன் பீவி ராஜியாகப் போக ஒப்புக்கொண்டுவிட்டாராம். மில் கட்டுவதிலும் குழி வெட்டுவதிலும் அவருக்கு ஆட்சேபணை எதுவும் இல்லையாம். கீழே கைநாட்டு.

அந்தோணிசாமி அதை வாங்கிப் பார்த்தார். சௌந்தரத்தின் பக்கம் குனிந்து மெதுவாகச் சொன்னார்: "பாதிக் கெணத்துக்காரியே சம்மதம்னு சொல்லிட்டா, உன் பாதிக்கு மட்டும் எப்பிடிம்மா தடை நிக்கும்? பத்து நாள் வாய்தா வாங்கியிருக்கேன். போயி அவுங்ககிட்டப் பேசு."

சௌந்தரம் மஞ்சக்குப்பத்திலிருந்து நடந்தே வந்தாள். வீட்டுக்குள் போகவில்லை. நேரே கிணற்றடிக்குப் போய்ச் சுவரைத் தட்டினாள்.

"எவ்வளோக்கு வித்த அக்கா உன் பாதிய?"

"யாரு, சௌந்தரமா? என்னாடி சொல்ற?"

"கைநாட்டு வச்சுக் குடுத்திருக்கியே, கொளஞ்சியப்பனுக்கு. கோர்ட்டுல எல்லார் முன்னாடியும் படிச்சாங்க. எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நானாவது முந்திக்கிட்டு வித்திருப்பேனே!"

"அல்லா மேல ஆணை. நான் எவனுக்கும் எதுவும் வச்சுக் குடுக்கல."

"அப்ப உன் கட்டவெரலு தானா நடந்து சிதம்பரம் போயிட்டு வந்துச்சா?"

"வாயக் கொட்டாத சௌந்தரம். இருபது வருசம் பேசினவ நீ."

"இருபது வருசமா சுவத்துக்கிட்டதான் பேசியிருக்கேன்."

அன்றிலிருந்து பேச்சு நின்றது. இவள் ராட்டினம் சுற்றினால் அவள் ராட்டினம் நின்றுவிடும். யாரும் குனிந்து தண்ணீரைப் பார்க்கவில்லை.

நாலாம் நாள் காலையில் சுவருக்கு அந்தப் பக்கமிருந்து பீவியின் குரல் வந்தது. "போன வாரம் அத்தா பார்சல் வந்துச்சு. சண்டை சண்டையா இருக்கட்டும். உன் பங்கு உன் பங்கு. பொந்துல வச்சிருக்கேன்." பதிலுக்கு நிற்காமல் உள்ளே போய்விட்டாள். புருஷனை அவள் பிள்ளைகள் கூப்பிடுகிற மாதிரி அத்தா என்றுதான் சொல்வாள்.

சௌந்தரம் பொந்தைப் பார்த்தாள். லஞ்சம் என்றுதான் முதலில் நினைத்தாள். அப்படியே எடுத்துக் கிணற்றில் போட்டுவிடலாம் என்று கையை விட்டாள். இரண்டு சோப்பும் ஒரு பூப்போட்ட சீட்டித் துணியும் இருந்தன. அவற்றைச் சுற்றிவர, பார்சல் வந்த மேல்துணியைத் தையலோடு கிழித்துச் சுருட்டி வைத்திருந்தாள் பீவி. வருஷா வருஷம் அந்த மேல்துணி சௌந்தரத்துக்குத்தான் வரும். கெட்டி வெள்ளைத் துணி. அவள் அதில்தான் பால் வடிகட்டுவாள்.

இது வெள்ளைத் துணி இல்லை. கோணி. முடிச்சு மேல் சிவப்பு அரக்கு இல்லை. சௌந்தரம் தையலைப் பார்த்தாள். பினாங்கில் தைக்கிறவர்கள் சின்ன ஊசியில் நெருக்கி நெருக்கித் தைத்திருப்பார்கள். பிரிக்க அரிவாள்மணை வேண்டும். இது சணல் கயிறு, ஒரு விரற்கடைக்கு ஒரு தையல். நுனியைப் பிடித்து ஒரு சுண்டு சுண்டினாள். சரசரவென்று முழுத் தையலும் உருவிக்கொண்டு கையோடு வந்துவிட்டது. இத்தனை வருஷம் எத்தனை தவிட்டு மூட்டை உருவியிருப்பாள்! இது மூட்டை தைக்கிறவன் கை. கப்பலில் வந்த பார்சலை எந்த ஊரில் சாக்குக்காரன் தைக்கிறான்?

சணல் கயிற்றை அவள் கையில் சுற்றிக்கொண்டாள். பிறகு சுவரைத் தட்டினாள்.

"அக்கா. இந்தப் பார்சலைத் தபால்காரரா கொண்டாந்தாரு?"

"இல்ல. தபாலாபீஸுல கெடந்துச்சுன்னு மருமவன் எடுத்தாந்தாரு. ஏன்?"

"கைநாட்டு கேட்டாரா?"

"பார்சலுன்னா கேக்க மாட்டாங்களா? 'மாமி, பார்சல் ரசீது'ன்னு திரைக்கடியில தள்ளினாரு. பக்கத்துல வேற யாரோ ஆம்பளைங்க நின்னாங்க. நான் கைய நீட்டினேன்." சணல் கயிற்றைச் சௌந்தரம் பொந்து வழியாக அந்தப் பக்கம் தள்ளினாள். பீவி பிறந்தது மளிகைக் கடைக் குடும்பத்தில். சாக்குத் தையலைப் பார்த்தால் தெரியும்.

பீவி கேட்டாள்: "இதை நான் கோர்ட்டுல சொன்னா எம் மவ என்னா ஆவா? அஞ்சு மாசம் அவளுக்கு. மருமவனை மாமியாக்காரியே புடிச்சுக் குடுத்துட்டான்னு அந்த ஊட்டுல அவளை வச்சிருப்பாங்களா?"

"சொல்லலன்னா கெணறு போச்சு அக்கா."

"நான் சொல்ல மாட்டேன்னு நெனைக்கிறியா?"

"நெனைக்கிறேன்" என்றாள் சௌந்தரம். பொய் சொல்ல அவளுக்கு வராது.

வக்கீல் மனுப் போட்டார். அந்த ராஜிக் காகிதத்தை யாரும் அந்தம்மாவுக்குப் படித்துக் காட்டவில்லை, அவர் கோஷா, கோர்ட்டுக்கு வர மாட்டார், வீட்டில் வைத்து விசாரிக்க வேண்டும் என்று. கோர்ட்டும் ஒரு இளம் வக்கீலைக் கமிஷனராகப் போட்டு அனுப்பியது. பங்குனியில் ஒரு பகல் நேரத்தில் பீவியின் நடையில் பாய் விரித்தார்கள். கமிஷனர், இரண்டு தரப்பு வக்கீல்கள், கொளஞ்சியப்பன், ஓரமாக அப்துல் வதூது. திரைக்கு உள்ளே பீவி.

"உள்ள இருக்கறது சைதுன் பீவிதான்னு யாரு அடையாளம் சொல்றது?" என்று கமிஷனர் கேட்டார்.

"நான் மருமகன். நான் சொல்றேன்" என்று வதூது எழுந்தான்.

"நானும் சொல்றேன்" என்று சௌந்தரமும் எழுந்தாள். "மருமவன் சொன்னா மட்டும் போதாது."

எதிர்க்கட்சி வக்கீல் ஆட்சேபித்தார். இரண்டு பேருமே போய்ப் பார்க்கட்டும் என்று கமிஷனர் முடித்துவிட்டார். வதூது எட்டிப் பார்த்துத் தலையாட்டிவிட்டு வெளியே வந்தான். சௌந்தரம் உள்ளே போனவள் போனவள்தான். பீவிக்குப் பக்கத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டாள். பீவியின் இன்னொரு பக்கம் அமீருன்னிசா, முந்தானையை வாயில் வைத்துக் கடித்துக்கொண்டு இருந்தாள். அந்தப் பெண்ணைப் பார்த்ததும் சௌந்தரத்துக்கு முடிவு தெரிந்துவிட்டது. பெற்றவள் கிணற்றையா பார்ப்பாள், பெண்ணைத்தான் பார்ப்பாள். இவளே அந்த இடத்தில் இருந்தாலும் அதைத்தான் செய்வாள். அப்படி நினைத்தும் அவள் இடத்தை விட்டு நகரவில்லை.

கமிஷனர் காகிதத்தைத் திரைக்கடியில் தள்ளினார். "இந்தக் கைநாட்டு உங்களுதாம்மா?"

"எல்லாக் கைநாட்டும் கருப்பாத்தான் இருக்குது. என்னுதாவும் இருக்கலாம்" என்றாள் பீவி.

"நீங்க வச்சீங்களா?"

"பார்சல் வந்திருக்கு, ரசீதுல வைங்கன்னாங்க. வச்சேன்."

"இதுல என்னா எழுதியிருக்குன்னு யாராவது படிச்சுக் காட்டினாங்களா?"

"பார்சல் ரசீதுல படிக்க என்னா இருக்குது?"

எதிர்க்கட்சி வக்கீல் குறுக்கே வந்தார். "யாரு அப்பிடிச் சொன்னது? யாரு இதைக் கொண்டாந்தது? பேரைச் சொல்லுங்க."

அமீருன்னிசா கண்ணை மூடிக்கொண்டாள். பீவி தன் கையை மடியில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அய்யா, இந்தத் திரை எதுக்குத் தொங்குது?" என்றாள். "அந்தப் பக்கம் யாரு வராங்க யாரு நிக்கிறாங்கன்னு நான் பாக்கக் கூடாதுன்னுதானே? கை நீட்டறதுதான் என் வேலை. தள்ளினது யாருன்னு எனக்கு எப்பிடித் தெரியும்?"

"குரல் கேட்டிருக்குமே?"

"பார்சல்னு ஒரு வார்த்தை. ஒரு வார்த்தையில எந்த ஊட்டு ஆம்பளைன்னு சொல்றது? நாலு பேரு நின்னாங்க."

கமிஷனர் கடைசியாக, கிணற்றுப் பக்கத்தில் குழி வெட்ட உங்களுக்குச் சம்மதமா இல்லையா என்று கேட்டார்.

"எம் பாதிய நான் நாறவுட்டா அவ பாதி மட்டும் நல்லா இருக்குமா? மேலதான் அய்யா சுவரு. கீழ இல்ல. சம்மதம் இல்லன்னு எழுதிக்கங்க. எழுதினதை எனக்குப் படிச்சுக் காட்டுங்க."

அவர் எழுதினார், படித்தார். திரைக்கடியில் கை வந்து கைநாட்டு வைத்துவிட்டுப் போயிற்று. வெளியே வதூது துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொள்வது திரையின் ஓரத்தில் தெரிந்தது.

ராஜிக் காகிதத்தைக் கோர்ட்டு தள்ளிவிட்டது. தடை நின்றது. அந்த வருஷம் முடிவதற்குள், அந்தத் தோப்பில் ஊறல் தொட்டியும் கழிவுக் குழியும் கூடவே கூடாது என்று தீர்ப்பும் வந்தது. கொளஞ்சியப்பன் அப்பீல் போகிறேன் என்று சொல்லிக்கொண்டு திரிந்தார். பிறகு இடத்தை ஒரு மரவாடிக்காரருக்கு விற்றுவிட்டுப் போனார். அமீருன்னிசாவுக்குப் பெண் குழந்தை பிறந்தது. வதூது மூன்று மாசம் இந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை. பெயர் வைக்கிற அன்று வந்தான். மாமியார் திரைக்குப் பின்னாலிருந்து அவனுக்கு வேண்டியதைக் கேட்டுக் கேட்டுப் போடச் சொன்னாள். வேறு ஒன்றும் பேசவில்லை.

எல்லாம் நல்லபடியாகத்தான் முடிந்தது. ஆனால் சௌந்தரத்துக்குச் சந்தேகம் தீரவில்லை. தள்ளினது வதூது என்று தெரிந்தே தெரியாது என்று ஒரு ஆபீஸர் முன்னால் குரல் நடுங்காமல் சொன்னவள், சண்டை வந்த அன்று சுவருக்கு அந்தப் பக்கம் நின்று தன்னிடம் சொன்னது மட்டும் எப்படி நிஜமாக இருக்கும்? அந்தக் காகிதம் ராஜிக் காகிதம் என்று தெரிந்தே மகளுக்காகக் கைநாட்டு வைத்திருந்தால்? சாக்குத் தையலைத் தான் கண்டுபிடித்த பிறகுதான் பார்சல் ரசீது என்ற பேச்சே வந்ததோ? மளிகைக் குடும்பத்துப் பெண் அந்தக் கோணியைப் பிரிக்கும்போதே பார்த்திருக்க மாட்டாளா? பார்த்துவிட்டுத்தான் வாயால் சொல்ல முடியாததைத் தையலோடு சுருட்டிப் பொந்தில் வைத்தாளோ? எருமை கறக்கும்போது இதையே நினைப்பாள். ஒரு நாள் பொறுக்க முடியாமல் கிணற்றடியில் கேட்டேவிட்டாள்.

"அக்கா, நெஜத்தைச் சொல்லு. அன்னிக்கு உனக்குத் தெரியுமா, தெரியாதா?"

"கெணத்துல தண்ணி எப்பிடி இருக்குது?" என்றாள் பீவி.

"நல்லாத்தான் இருக்குது."

"அப்ப எறச்சுக்கிட்டுப் போ."

அதற்கு மேல் அவளிடமிருந்து ஒரு வார்த்தை வாங்க முடியவில்லை. சௌந்தரமும் விட்டுவிடுகிற ஆள் இல்லை. அன்றைக்கே தபாலாபீஸுக்குப் போய், பீவி வீட்டுக்கு எது வந்தாலும் முதலில் தனக்குக் குரல் கொடுக்க வேண்டும் என்று தபால்காரரிடம் கண்டிப்பாகச் சொல்லிவிட்டு வந்தாள். குரல் கேட்டதும் பால் செம்பைப் போட்டது போட்டபடி கொல்லை வழியாக ஓடி, பீவியின் கூடத்தில் திரைக்கு உள்பக்கம் போய் உட்காருவாள். காகிதம் முதலில் இவள் கைக்கு வரும். பிறகுதான் பீவி கைக்குப் போகும்.

"எனக்குக் காவல் இருக்கியா, என்னையே காவல் காக்குறியா?" என்று பீவி ஒரு தடவை கேட்டாள்.

"ரெண்டுந்தான்" என்றாள் சௌந்தரம்.

தெருவில் சிரித்தார்கள். எழுத்துத் தெரியாதவளுக்கு எழுத்துத் தெரியாதவள் துணை என்றார்கள். தபால்காரருக்கும் பொறுமை போயிற்று. பினாங்கிலிருந்து நிஜமாகவே ஒரு பார்சல் வந்த அன்று, அவள் ரசீதைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பதைத் திரை இடுக்கில் கண்டு அலுத்துக்கொண்டார்.

"ஏம்மா சௌந்தரம், ஒனக்குத்தான் ஒரு எழுத்துகூடத் தெரியாதே. அதுல அப்பிடி என்னாத்த பாக்குற?"

"காயிதத்தை யாரு பாக்குறா? உன் மூஞ்சியப் பாக்குறேன். படி."

அவர் படித்தார். படித்து முடித்ததும் இன்னொரு தடவை படிக்கச் சொன்னாள்.